மூன்று முறை கூப்பிட்டும் வராத டேவிட்

போன வாரம் வசந்தி போன் செய்தார். நுகர்வோர் கோர்ட்டில் நான் ஓய்வு பெற்ற பிறகு என் இடத்துக்கு வந்தவர். வழக்கமாக பென்ஷன் வந்ததா, முட்டிவலி எப்படி இருக்கிறது என்று விசாரித்துவிட்டுத்தான் விஷயத்துக்கு வருவார். அன்று எடுத்த எடுப்பில், "அண்ணே, நாளைக்கு ஒரு நாய்க்குட்டி கேஸ். குட்டியை நேர்ல கொண்டுவரச் சொல்லியிருக்காங்க. அதையும் நான் வாசல்ல நின்னு கூப்பிடணுமா?" என்று கேட்டார்.

"கூப்பிடாதம்மா. நான் ஒருதரம் கூப்பிட்டுப் பட்டது போதும்," என்றேன்.

என்ன பட்டீர்கள் என்று விடாமல் கேட்டார். போனில் சொல்லி முடிகிற கதை இல்லை. நம் ஓய்வூதியர் சங்க மலருக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று செயலாளரும் நச்சரித்துக்கொண்டிருந்தார். இரண்டுக்கும் சேர்த்து எழுதிவிட்டேன். நான் பத்தாவது வரை படித்தவன். பிழை இருந்தால் பெரியவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

காகிதத்தில் என் பதவி அலுவலக உதவியாளர். தண்ணீர் வைப்பது, கேஸ் கட்டுகளைத் தூக்குவது, நீதிபதி இடத்தில் உட்காரும் தலைவர் உள்ளே வரும்போது எல்லோரையும் எழுந்து நிற்கச் சொல்வது எல்லாம் உண்டு. ஆனால் உண்மையான வேலை கூப்பிடுவதுதான். கோர்ட் ஹால் வாசலில் நின்று வழக்குக்காரர் பேரை மூன்று முறை சொல்ல வேண்டும். முதல் தடவை வராந்தாவில் இடது பக்கம் பார்த்து. இரண்டாவது வலது பக்கம். மூன்றாவது தடவை மாடிப்படியை நோக்கி, கீழே டீக்கடையில் நிற்பவருக்கும் கேட்கிற மாதிரி. அதற்கும் ஆள் வராவிட்டால் உள்ளே திரும்பி, "மூணு தடவை கூப்பிட்டாச்சு, ஆஜராகலை" என்று அறிவிக்க வேண்டும். நான் சொல்லும் அந்த ஒரு வார்த்தையில் ஒருவருடைய கேஸே தள்ளுபடியாகிவிடலாம். அதனால் மூன்றாவது தடவைக்கு மட்டும் அடிவயிற்றிலிருந்து குரல் எடுப்பேன். ஜன்னலில் இருக்கும் புறாக்கள் ஒருமுறை பறந்து போய்த் திரும்பி வந்து உட்காரும்.

அந்தக் குரல் கபாலி கொடுத்தது. பங்குனித் திருவிழாவில் தேர் முன்னால் கூட்டத்தை ஒதுக்கிச் சத்தம் கொடுக்கிறவர்களில் நானும் ஒருவன். மயிலாப்பூரில் எங்கள் தெருவில் மைக் செட் கெட்டுப்போனால் என்னைத்தான் தேடுவார்கள். வேலையில் சேர்ந்த புதிதில் அங்கே இருந்த மூத்தவர் எனக்குச் சொன்னது ஒன்றே ஒன்று: யாராக இருந்தாலும் மரியாதை கொடுத்துக் கூப்பிடு, வாசலில் எல்லோரும் 'அவர்'தான். பயிற்சி அவ்வளவுதான். மறுநாளே வாசலில் நிறுத்திவிட்டார்கள்.

என் கடைசி வருடங்களில் தலைவராக இருந்தவர் ஒரு அம்மா. முன்பு மாவட்ட நீதிபதியாக இருந்தவர். எனக்கு எவ்வளவு சத்தமோ, அவருக்கு அவ்வளவு மெல்லிய குரல். முதல் வரிசையில் நிற்கிற வக்கீல்களே காதைச் சாய்த்துக்கொண்டுதான் நிற்பார்கள். அவர் சொல்வதைப் பின்வரிசைக்குக் கேட்கும்படி திரும்பச் சொல்வதும் என் வேலையாகிவிட்டது. யாரையும் அதட்ட மாட்டார். யாராவது பொய் சொன்னால் பேனாவை மூடி வைத்துவிட்டு அவர்களையே பார்ப்பார். சொன்னவரே திருத்திச் சொல்லும்வரை பேனா திறக்காது. மூக்குக்கண்ணாடியைக் கழற்றினால் யாருக்கோ கெட்ட செய்தி. அவர் கை கண்ணாடிப் பக்கம் போனாலே வக்கீல்கள் கழுத்துப்பட்டையைச் சரி செய்துகொள்வார்கள்.

முன்பெல்லாம் எங்களுக்கு வந்தது பிரிட்ஜ், வாஷிங் மெஷின், முதல் துவைப்பிலேயே சாயம் போன பட்டுப்புடவை. கொரோனா வந்து எல்லோரும் வீட்டில் அடைந்து கிடந்தார்களே, அதற்கப்புறம்தான் வசந்தி சொன்ன மாதிரி குட்டிக் கேஸ்கள் வர ஆரம்பித்தன. வாங்கிய வாரமே வயிற்றுப்போக்கு வந்து போய்விட்டது, தடுப்பூசி போட்டதாகச் சொன்னார்கள் போடவில்லை, ஆண் என்று கொடுத்தது பெண். எதிர்தரப்பில் எல்லாக் கடைக்காரர்களும் ஒரே பதிலைச் சொல்வார்கள். பில்லின் அடியில் 'விற்ற பொருள் திரும்பப் பெறப்படாது' என்று அச்சடித்திருக்கிறது, பாருங்கள் என்பார்கள்.

மாட வீதிப் பக்கத்திலிருந்து ஒரு மாமா வந்தார். லாப்ரடார் என்று வாங்கிய குட்டிக்கு நாலு மாதத்தில் காது இரண்டும் நட்டுக்கொண்டு நின்றுவிட்டது. வால் சுருண்டுகொண்டது. அசல் தெரு ஜாதி. பணத்தை வாங்கிக்கொண்டு குட்டியைக் கொடுத்துவிடுகிறீர்களா என்று தலைவர் கேட்டார். மாமா பதறிப்போனார். "அதெப்படி முடியும்? ராத்திரி என் கட்டிலுக்கு அடியிலதான் படுத்துண்டிருக்கு. அது லாப்ரடார் இல்லேன்னு மட்டும் ஒரு உத்தரவு போட்டுக் கொடுங்கோ. ஆத்துல எல்லாரும் என்னை ஏமாளின்னு சிரிக்கறா, ஏமாத்தினவன் அவன்னு தெரியட்டும்," என்றார். அன்று ஹாலே சிரித்தது. தலைவர் சிரிக்கவில்லை. அவர் சிரித்து நான் பார்த்ததே இல்லை, டேவிட் வருகிறவரைக்கும்.

ஸ்டெல்லா அம்மாவை முதலில் சொல்லிவிடுகிறேன். பெசன்ட் நகர் கடற்கரையோரக் குப்பத்துக்காரர். அடையாறில் மீன் விற்கிறவர். வீட்டுக்காரர் காலமாகிவிட்டார், ஒரே மகன் கப்பல் வேலைக்குப் போய்விட்டான். வீடு வெறிச்சென்று இருக்கிறதே என்று தி.நகரில் ஒரு கடையில் வெள்ளை உடம்பில் கறுப்புப் புள்ளி போட்ட குட்டி ஒன்றை வாங்கினார். கூப்பிட்டால் வராது. தட்டு விழுந்தால் திரும்பாது. தீபாவளிக்குத் தெருவே வெடித்தபோது அது பாட்டுக்கு வயிற்றைக் காட்டிக்கொண்டு தூங்கியிருக்கிறது. டாக்டரிடம் காட்டினால் இரண்டு காதும் கேட்காது, இந்தப் புள்ளி ஜாதியில் பிறவியிலேயே இப்படி வருவதுண்டு என்றிருக்கிறார்.

கடைக்காரர் குமரேசனிடம் போய்க் கேட்டிருக்கிறார். அவர், குட்டிக்குக் காது நன்றாகக் கேட்கும், உனக்கு வளர்க்கத் தெரியவில்லை, இது என்ன கூடையில் போட்டு விற்கிற மீனா என்று நாலு பேர் எதிரில் சொல்லிவிட்டார். அந்த ரோஷத்தில்தான் ஸ்டெல்லா அம்மா கேஸ் போட்டார். வக்கீல் வைக்கவில்லை. எங்கள் கோர்ட்டில் அவரவரே வந்து பேசலாம்.

கேஸ் நடக்க நடக்கத்தான் அதில் இருந்த சிக்கல் அவருக்குப் புரிந்தது. குமரேசனின் வக்கீல், இளைஞர், கெட்டிக்காரர். எங்கள் குட்டிக்குக் காது கேட்கும், அப்படிக் கேட்காது என்று நிரூபணமானால் குறையுள்ள பொருளைத் திரும்ப வாங்கிக்கொண்டு வேறு கொடுக்கத் தயார் என்று எழுதிக் கொடுத்துவிட்டார். பிரிட்ஜ் கேஸில் இதைவிட நியாயமான பேச்சு கிடையாது. பழுதான பிரிட்ஜைக் கொடு, நல்ல பிரிட்ஜை வாங்கிக்கொள்.

அன்று வராந்தா பெஞ்சில் ஸ்டெல்லா அம்மா என்னைப் பக்கத்தில் கூப்பிட்டார். "சாரு, ஒண்ணு கேக்கறேன், கோச்சுக்காத. நான் தோத்தா வளக்கத் தெரியாதவன்னு பேரு. ஜெயிச்சா புள்ளைய அவன் தூக்கிக்கினு பூடுவானா?"

வழக்குக்காரருக்கு யோசனை சொல்ல எங்களுக்கு அனுமதி கிடையாது. சற்றுத் தள்ளி நின்ற குமரேசனுக்கு இது கேட்டுவிட்டது. அவர் கெட்ட மனிதர் இல்லை, வாய் கொஞ்சம் நீளம். "பயப்படாத ஆயா. வேற குட்டி சூப்பரா தரேன். இத்த ஈசிஆர்ல நம்ம பண்ணைல வுட்டுட்டா ஜோடி சேத்துக் குட்டி எடுக்கலாம். காது கேக்காட்டி இன்னா, அதுக்குக் காதா வேணும்?" என்று சிரித்தார். ஸ்டெல்லா அம்மா புடவைத் தலைப்பை இழுத்து இடுப்பில் செருகிக்கொண்டு போய்விட்டார். அன்று சாயந்தரம் வேளாங்கண்ணி மாதா கோயிலில் மெழுகுவத்தி ஏற்றியதாகப் பின்னால் சொன்னார்.

நான் என் பங்குக்குத் தேய்பிறை அஷ்டமியன்று பைரவர் சன்னதியில் விளக்குப் போட்டேன். எனக்கு நாய் என்று சொல்லவே வாய் வராது. சின்ன வயசிலிருந்தே தெருவில் போகிறதைக்கூட பைரவர் என்றுதான் சொல்வேன். சுவாமியின் வாகனத்தைப் பண்ணையில் தள்ளுவதாவது? விளக்கு யார் ஜெயிக்க என்று குருக்கள் கேட்டார். ஜெயிப்பதா தோற்பதா எது நல்லது என்றே தெரியாமல் ஏற்றுகிறேன் என்றேன். அவரும் சங்கல்பத்தைப் பொதுவாகச் சொல்லி முடித்துவிட்டார்.

ஒரு டாக்டர் சீட்டு கேட்கும் என்றது, இன்னொரு சீட்டு கேட்காது என்றது. அதனால் அடுத்த வாய்தாவுக்குக் குட்டியையே கொண்டுவரும்படி தலைவர் உத்தரவிட்டார். அதற்குள் அது குட்டியாக இல்லை. இடுப்பு உயரத்துக்கு வளர்ந்த ஒரு வாலிபர் படியேறி வந்தார். ஆட்டோவில் வந்த களைப்பு போலிருக்கிறது, வாசல் பக்கத்து பெஞ்சுக் காலில் கட்டிப்போட்டதும் என் செருப்புக்குப் பக்கத்தில் தலையை வைத்துத் தூங்கிவிட்டார். நான் பைரவரே, சௌக்கியமா என்று விசாரித்தேன். பேர் என்ன என்று கேட்கத் தோன்றவில்லை. ஸ்டெல்லா அம்மாவும் பேர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. தரையில் குதிகாலால் லேசாகத் தட்டுவார், அது எழுந்து வரும். இங்கேதான் வம்பு வந்தது.

கேஸ் எடுத்தாயிற்று. ஸ்டெல்லா அம்மா உள்ளே ஒரு பக்கம், குமரேசனும் வக்கீலும் மறுபக்கம். தலைவர் கட்டைப் பார்த்தபடி தன் வழக்கமான குரலில், "டேவிட்டைக் கூப்பிடுங்க," என்றார்.

யாரோ சாட்சி என்று நினைத்தேன். வேறென்ன நினைப்பேன்? வாசலுக்கு வந்து கையைக் கட்டிக்கொண்டு இடது பக்கம் பார்த்து, "திரு டேவிட் அவர்களே" என்றேன். வலது பக்கம் பார்த்து, "திரு டேவிட் அவர்களே." பிறகு மாடிப்படியைப் பார்த்து மூச்சை இழுத்து அடிவயிற்றிலிருந்து, "திரு டேவிட் அவர்களே" என்று ஒரு குரல் கொடுத்தேன். புறாக்கள் பறந்தன. மேல்மாடி அலுவலகத்தில் டைப்பிஸ்டாக இருந்த டேவிட் சார் சாப்பாட்டு டப்பாவைக் கையில் பிடித்தபடியே இறங்கி வந்து, "இன்னாபா, என் மேல இன்னா கேஸு?" என்று கேட்டார். நீங்கள் இல்லை சார் என்று அவரை அனுப்பிவிட்டு உள்ளே திரும்பினேன்.

"மூணு தடவை கூப்பிட்டாச்சு மேடம். டேவிட் ஆஜராகலை. அவர் வரலை."

ஹாலில் எல்லோரும் என்னையே பார்த்தார்கள். நான் ஏதோ தப்பாகச் சொல்லிவிட்டேன் என்று மட்டும் தெரிந்தது. ஸ்டெல்லா அம்மாதான் பேசினார். "சாரு, உன் காலாண்ட பாரு. படுத்துக்கினுகீறாரே, அவருதான் டேவிட்டு."

குனிந்து பார்த்தேன். என் செருப்பை ஒட்டி மோவாயை வைத்துக்கொண்டு நல்ல தூக்கத்தில் இருந்தார். வால் நுனிகூட அசையவில்லை.

அப்புறம் எழுந்த சிரிப்பை நான் எழுதத் தேவையில்லை. தலைவர் கண்ணாடியைக் கழற்றினார். எனக்கு மெமோதான் என்று நினைத்தேன். ஆனால் அவர் புடவைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். தோள் குலுங்கியது.

வக்கீல் சும்மா விடவில்லை. அது தூங்கிக்கொண்டிருந்தது, தூங்குகிறதை வைத்துச் செவிடு என்று முடிவு செய்யக்கூடாது என்றார். "இவர் குரலுக்கு எதிர் கட்டடத்துல தூங்கறவங்க எழுந்துடுவாங்க," என்றார் தலைவர். இருந்தாலும் நியாயம் நியாயம்தான் என்று அவரே எழுந்து வாசலுக்கு வந்தார். டேவிட்டை எழுப்பி, சுவரைப் பார்த்து நிற்க வைக்கச் சொன்னார். முதலில் வக்கீலைப் பின்னால் நின்று கைதட்டச் சொன்னார். பிறகு குமரேசனை விசிலடிக்கச் சொன்னார். பிறகு என்னை ஒருமுறை கூப்பிடச் சொன்னார். நான் கபாலியை நினைத்துக்கொண்டு முழுக்குரலையும் விட்டேன். வராந்தாவில் இருந்த அத்தனை பேரும் திரும்பினார்கள். டேவிட் சுவரில் ஊர்ந்த எறும்பைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீங்க கூப்பிடுங்கம்மா," என்றார் தலைவர் ஸ்டெல்லா அம்மாவிடம்.

அவர் வாயைத் திறக்கவில்லை. செருப்பைக் கழற்றிவிட்டு வெறுங்குதிகாலால் தரையில் இரண்டு தட்டு தட்டினார். எனக்கே சரியாகக் கேட்காத சத்தம். டேவிட்டின் உடம்பு முழுக்க ஒரு சிலிர்ப்பு ஓடியது. சட்டென்று திரும்பி, கயிறு இழுக்க, வாலை ஆட்டிக்கொண்டு அவரிடம் வந்தார். "பேரு வச்சேன் மேடம், மொத வாரம் கூப்டுக் கூப்டுப் பாத்தேன். தொண்டை வறண்டதுதான் மிச்சம். அப்பால ஒருநா உரல்ல மஞ்சள் இடிச்சேன், தரை அதிர்ந்துச்சு, ஓடியாந்தான். அன்னில இருந்து காலுதான்," என்றார்.

எல்லோரும் உள்ளே போனதும் தலைவர் குமரேசனிடம் கேட்டார். கடையில் விசிலடித்தால் இந்தக் குட்டி வந்ததாக எழுதிக் கொடுத்திருக்கிறீர்களே, தனியாக வந்ததா? கூடப் பிறந்த குட்டிகள் ஓடும்போது கூட வந்ததா? குமரேசன், தனியாகத்தான் என்றார். தலைவர் பேனாவை மூடி வைத்தார். அவரையே பார்த்தார். "நாலும் ஒரே கூண்டு மேடம்," என்றார் குமரேசன் கடைசியில். "ஒண்ணு ஓடினா எல்லாம் ஓடும். தனியா பாக்கல." பேனா திறந்தது.

வக்கீல் உடனே எழுந்து, அப்படியானால் குறையுள்ள பொருளைத் திரும்ப எடுத்துக்கொள்கிறோம், இன்றைக்கே வேறு குட்டி தருகிறோம் என்றார். ஸ்டெல்லா அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தார். அன்று பெஞ்சில் கேட்ட அதே கேள்வி அந்தப் பார்வையில் இருந்தது. நான் மனசுக்குள் பைரவரைக் கூப்பிட்டேன்.

"திரும்ப எடுத்து என்ன செய்வீங்க?" என்று தலைவர் கேட்டார்.

குமரேசன் வராந்தாவில் பேசியதை இங்கே பேசவில்லை. என்னைப் பார்த்தார், ஸ்டெல்லா அம்மாவைப் பார்த்தார், தலைவரின் மூடப்போகும் பேனாவைப் பார்த்தார். "பண்ணைக்கு மேடம்," என்றார் தலையைக் குனிந்துகொண்டு. "குட்டி எடுக்க."

"அதுங்களுக்கும் கேக்காமப் போகுமே?"

தலைவர் அதைக் குறித்துக்கொண்டார்.

அடுத்த வாய்தாவில் உத்தரவு. காகிதத்தில் எல்லாம் இங்கிலீஷில்தான். வக்கீல் இல்லாமல் வருகிறவர்களுக்குத் தலைவர் அதன் சாரத்தைத் தமிழில் சொல்வார், நான் உரக்கத் திரும்பச் சொல்வேன். அன்று கண்ணாடி கழற்றாமலே சொன்னார். குட்டி விற்கும்போதே காது கேட்காதது. புகார்தாரர் வளர்ப்பில் எந்தக் குறையும் இல்லை. இதை நான் திரும்பச் சொன்னபோது ஸ்டெல்லா அம்மா குமரேசன் பக்கம் திரும்பவே இல்லை. அதற்காகக் கேஸ் போட்டவர் அதைக் கேட்ட மாதிரியே தெரியவில்லை. அடுத்த வரிக்காக மேஜையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

சட்டத்தின் கண்ணில் பிராணி பொருள்தான் என்றார் தலைவர். ஆனால் பழுதான பொருளைத் திருப்பிக் கொடுத்தே ஆக வேண்டும் என்று சட்டம் எங்கும் சொல்லவில்லை, நஷ்டஈடு கொடுக்கச் சொன்னாலும் போதும். கடைக்காரர் நஷ்டஈடு கொடுக்க வேண்டும். இனி அந்த ஜாதிக் குட்டிகளைக் காது சோதித்துத்தான் விற்க வேண்டும். பிறகு இன்னும் மெல்லிய குரலில், "டேவிட் புகார்தாரரிடமே இருக்கும்," என்றார்.

நான் ஹாலைப் பார்த்துத் திரும்பி மூன்றாவது தடவைக்கு எடுக்கும் குரலை எடுத்தேன். "டேவிட் புகார்தாரரிடமே இருப்பார்."

சொன்ன பிறகுதான் மாற்றிச் சொன்னது தெரிந்தது. வாசலில் நின்று பழகிய வாய். வக்கீல் நிமிர்ந்து பார்த்தார். தலைவர், "அப்படியே இருக்கட்டும்," என்றுவிட்டு அடுத்த கட்டைப் புரட்டினார். ஸ்டெல்லா அம்மா எனக்கும் தலைவருக்கும் சேர்த்து ஒரு கும்பிடு போட்டார். வெளியே, அன்றும் கூட்டிவந்திருந்த டேவிட் பக்கத்தில் போய்த் தரையில் இரண்டு தட்டு. இரண்டு பேரும் படியிறங்கிப் போனார்கள்.

நான் ஓய்வு பெற்று நங்கநல்லூரில் மகள் வீட்டுக்குக் குடிவந்துவிட்டேன். காலையில் ஆஞ்சநேயர், பிரதோஷத்துக்கு மட்டும் மயிலாப்பூர். சென்ற மாதம் பேரப்பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு பெசன்ட் நகர் கடற்கரைக்குப் போயிருந்தோம். சாயந்தரக் கூட்டம். தூரத்தில் அலைக்குப் பக்கத்தில் அந்தப் புள்ளி உடம்பு தெரிந்தது. கடலைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். கொஞ்சம் தள்ளி ஸ்டெல்லா அம்மா வலை பிரிக்கும் பெண்களோடு பேசிக்கொண்டிருந்தார். எனக்கு உற்சாகத்தில் எல்லாம் மறந்துபோய், "டேவிட்" என்று ஒரு குரல் கொடுத்துவிட்டேன். சுண்டல்காரர் திரும்பினார். பலூன்காரர் திரும்பினார். அவர் மட்டும் திரும்பவில்லை. நாக்கைக் கடித்துக்கொண்டு காலால் தட்டிப் பார்த்தேன். கால் மணலில் புதைந்ததுதான் மிச்சம்.

ஸ்டெல்லா அம்மா என்னை அடையாளம் கண்டுகொண்டு சிரித்தார். "மணல்ல தட்டுனா அவனுக்குத் தெரியாது சாரு. இங்க அவனப் பாக்கணும்னா நீதான் முன்னாடி போய் நிக்கணும்."

வசந்தி, உன் கேள்விக்கு இதுதான் பதில். அத்தனை வருடம் பேர் சொல்லி ஆட்களை வரவழைத்தவன், அன்று வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, பேரப்பிள்ளைகள் சிரிக்கச் சிரிக்க, அலைக்கரை வரை நடந்து போய் டேவிட் முன்னால் ஆஜரானேன்.